காலமடை: ஒரு கற்பனை உலகத்துக்காக மொட்டை மாடியில் கட்டிய நீர்க்கருவி

கால் மணி நேரத்தில் பெட்டி நிரம்பி வழிந்தது. மூன்று மடைகளில் ஒன்றை மட்டும் அடைத்தால் மற்ற இரண்டிலும் நீர் சற்று வேகமாகப் பாயும், பெட்டியில் மட்டம் கொஞ்சம் ஏறி நின்றுவிடும் என்று எண்ணியிருந்தேன். 7 சென்டிமீட்டரில் நின்றிருந்த நீர் 15 சென்டிமீட்டர் விளிம்பையும் தாண்டி, பலகை வழியாக ஓடி, அக்கா காயவைத்திருந்த வடகத்தை நனைத்த பிறகுதான் காகிதமும் பென்சிலும் எடுத்துக் கணக்குப் போட்டேன். என் கற்பனை உலகத்தின் முதல் விதி அந்த வழிந்த நீரிலிருந்தே கிடைத்தது.

கடலூர் மஞ்சக்குப்பத்தில், கெடிலம் ஆற்றிலிருந்து நடந்து போகும் தூரத்தில் எங்கள் வீடு இருக்கிறது. சில ஆண்டுகளாக ‘ஏழ்மடை’ என்ற நாட்டைக் கதைக்காக உருவாக்கி வருகிறேன். அந்த நாட்டில் காலம் ஏரியில் தேங்கியிருக்கும். மடை திறந்தால் வயலுக்குப் பாயும். ஒரு மடையைக் குறுக்கினால் அந்த வயலில் நாள் மெதுவாக நகரும். கேட்பதற்கு நன்றாக இருந்தாலும் எழுதும்போது அது என் கையில் நிற்கவில்லை. ஓர் அத்தியாயத்தில் நாயகியைக் காப்பாற்ற வேண்டுமென்றால் காலம் நின்றது, அடுத்த அத்தியாயத்தில் வேறு தேவை வந்தால் ஓடியது. கதாசிரியன் நினைத்ததையெல்லாம் செய்யும் கருவிக்கு அறிவியல் என்று ஒன்று இருக்க முடியாது. அதனால் ஒரு முடிவுக்கு வந்தேன்: கதையில் காலமடை என்ன செய்தாலும், அதே செயலை முதலில் என் மொட்டை மாடியில் நீர் செய்துகாட்ட வேண்டும், நீர் செய்யாததைக் கதையில் எழுதக் கூடாது.

நீரைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் என் தந்தை. அவர் வீராணம் ஏரிப் பாசனத்தில் லஸ்கராக, அதாவது மடைகளைத் திறந்து மூடும் ஊழியராக, வேலை பார்த்தவர். கீழணையிலிருந்து வடவாற்றில் வரும் நீர் ஏரிக்குள் நுழைவதையும், மட்டம் 47.50 அடியை எட்டினால் அது முழுக் கொள்ளளவு என்பதையும், அதற்கு மேல் வருவதை வெள்ளியங்கால் ஓடையில் திறந்துவிடுவதையும் நான் எழுத்துக் கூட்டிப் படிக்கும் வயதிலேயே அவர் வாயால் கேட்டிருக்கிறேன். யார் வயலுக்கு எந்த நேரத்தில் முறை என்பதில்தான் ஊரின் சண்டையும் சமாதானமும் இருந்தன. காலத்தைப் பங்கிடும் ஒரு நாட்டை நினைக்கும்போது எனக்கு அந்தக் கரைதான் கண்முன் வருகிறது.

கருவிக்கான பொருள்கள் எல்லாம் சாதாரணமானவை. அடியில் 20 லிட்டர் பெயிண்ட் வாளி, அதற்குள் ஏர் கூலருக்குப் போடும் சிறிய பம்பு, மேலே ஏரியாக 12க்கு 15 சென்டிமீட்டர் அடிப்பரப்புள்ள பிளாஸ்டிக் பெட்டி. பெட்டியின் அடிப்பக்கத்தில் மூன்று அரை அங்குல பால் வால்வுகளை டெஃப்லான் டேப் சுற்றிப் பொருத்தினேன். ஒவ்வொன்றின் முனையிலும் ஓர் எண்ட் கேப், அதன் நடுவில் 3 மில்லிமீட்டர் துளை. துளைக்குக் கீழே ‘கவிழ்கிண்ணம்’ என்று நாங்கள் பெயரிட்ட கடிகாரம்: இரண்டு அங்குலக் குழாயை ஹேக்ஸா பிளேடால் சாய்வாக அறுத்து, சைக்கிள் ஸ்போக்ஸ் கம்பியில் தொங்கவிட்டது. அதில் 25 மில்லிலிட்டர் சேர்ந்ததும் கவிழ்ந்து, நீரைக் கொட்டிவிட்டு, ‘டொக்’ என்று பலகையில் மோதித் திரும்பும். பம்பு நிமிடத்துக்கு 900 மில்லிலிட்டர் தருமாறு வால்வைத் திருகி வைத்தேன். மடைக்கு 300 வீதம் பிரிந்தது. ஒவ்வொரு வயலும் ஐந்து நொடிக்கு ஒருமுறை ‘டொக்’ என்றது. பம்பின் குழாய் முனை பெட்டி நீருக்குள் மூழ்காமல், மேலிருந்து விழுமாறு கட்ட வேண்டும். முதலில் நான் மூழ்கவிட்டதால் பெட்டியில் மட்டம் ஏற ஏறப் பம்பு தரும் நீர் குறைந்து, அளவுகள் எல்லாம் குழம்பின.

மூன்று வயல்களும் மாறிக்கொண்டிருக்கும்போது மாறாத அளவுகோல் ஒன்று வேண்டும். கைப்பேசியே போதும் என்றாலும், ஏழ்மடையில் கைப்பேசி கிடையாது. அங்குள்ள மடைக்காவலர் எதைக் கொண்டு நேரத்தைச் சரிபார்ப்பார்? நம் முன்னோர் சரிபார்த்த அதே நாழிகை வட்டிலைக் கொண்டுதான். அடியில் ஊசித்துளை உள்ள கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டால் அது நிரம்பி மூழ்கும் நேரம் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். ஒரு நாளைக்கு 60 முறை மூழ்கும். இந்தக் கருவியை எளிமையானது என்று பலர் கடந்துபோய்விடுகிறார்கள். செய்து பார்த்த பிறகு அதன் நுட்பத்தின் மேல் எனக்குப் பெரிய மரியாதை வந்துவிட்டது. பானையிலிருந்து நீர் ஒழுகும் கடிகாரத்தில் மட்டம் இறங்க இறங்க ஒழுக்கு மெதுவாகும். அதனால் நேரக்கோடுகளைச் சம இடைவெளியில் வரைய முடியாது. மிதக்கும் கிண்ணத்திலோ, பக்கங்கள் நேராக இருந்தால், வெளி நீர்மட்டத்துக்கும் உள் நீர்மட்டத்துக்கும் இடையிலான வேறுபாடு கடைசிவரை மாறுவதில்லை. கிண்ணத்தின் எடையே அந்த வேறுபாட்டைத் தாங்கிப் பிடிக்கிறது. ஆகவே முதல் நிமிடத்தில் எவ்வளவு நீர் நுழைந்ததோ, இருபதாவது நிமிடத்திலும் அவ்வளவே நுழைகிறது.

நான் எடுத்தது 10 சென்டிமீட்டர் அகலமும் 6 சென்டிமீட்டர் உயரமும் 130 கிராம் எடையும் உள்ள எவர்சில்வர் கிண்ணம். இதற்கு முன் உயரமான டப்பா ஒன்றை வைத்துப் பார்த்தேன். அது நிமிர்ந்து மிதக்காமல் சாய்ந்துவிட்டது. அகலம் மிகுந்து உயரம் குறைந்த பாத்திரமே இதற்கு ஏற்றது. எலக்ட்ரானிக் பலகைகளில் துளையிடும் 1 மில்லிமீட்டர் பிட்டால் துளைத்த முதல் கிண்ணம் 21 நிமிடத்தில் மூழ்கியது. துளையைப் பெரிதாக்கலாம், சிறிதாக்க முடியாது. எனவே அதே அளவில் இன்னொரு கிண்ணம் வாங்கி 0.9 மில்லிமீட்டர் பிட்டால் துளைத்தேன். அது 26 நிமிடம் எடுத்துக்கொண்டது. இப்போது துளையைத் தொடாமல், உள்ளே ஒரு ரூபாய் நாணயங்களை ஒவ்வொன்றாக வைத்தேன். எடை கூடினால் மட்ட வேறுபாடு கூடும், நீர் விரைந்து நுழையும். மூன்று நாணயங்களில் 24 நிமிடம் 10 நொடி வந்தது. மாலை வெயிலில் அந்தக் கிண்ணத்தின் அடியைக் குனிந்து பார்த்தால், துளையிலிருந்து தையல் நூலைவிடச் சற்றே தடித்த ஒரு நீர்க்கம்பி எழுந்து, நாணயத்தின் மேல் வளைந்து, கரைந்துபோவது தெரியும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அது சலிப்பதில்லை.

இந்த இடத்தில் அக்கா மகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஒன்பதாம் வகுப்பில் படிக்கிறாள். எண்ணிக்கைகள் முழுவதையும் அவளே நோட்டில் எழுதினாள். தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போன ஒரு ஞாயிறு, கேனில் கடல்நீர் பிடித்து வந்து அதில் வட்டிலை விட வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாள். விட்டோம். அதே கிண்ணம், அதே நாணயங்கள். மூழ்க ஏறக்குறைய அரை நிமிடம் கூடுதலாக ஆனது. கடல்நீர் நல்லநீரைவிடச் சுமார் இரண்டரை விழுக்காடு அடர்ந்தது. கிண்ணத்தை அது சற்று மேலே தூக்கிப் பிடிப்பதால் மட்ட வேறுபாடு குறைகிறது, நிரம்ப வேண்டிய நீரும் சிறிது கூடுகிறது. காரணம் இவ்வளவே. ஆனால் ஏழ்மடையின் நிலப்படம் அன்றிரவு மாறிவிட்டது. கடலோரத்தில் காலமும் உப்புக் கரித்து அடர்ந்திருக்கும், நெய்தல் நிலத்து நாழிகை மருத நிலத்து நாழிகையைவிடச் சற்று நீளும், எனவே துறைமுகத்தில் கையெழுத்தாகும் ஒவ்வொரு ஒப்பந்தத்திலும் எந்த நீரில் அளந்த நாழிகை என்று குறிப்பிட வேண்டும் என்ற வழக்கம் கதைக்குள் வந்தது.

இனி வழிந்த பெட்டிக்கு வருகிறேன். துளை வழியே நீர் பாயும் வேகம், மேலுள்ள நீர் உயரத்தின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது; 1643இல் டாரிசெல்லி கண்டுசொன்னது இது. மூன்று மடைகளில் ஒன்றை அடைத்தால், மற்ற இரண்டும் நிமிடத்துக்கு 450 மில்லிலிட்டர் வீதம் கடத்தியாக வேண்டும். அதாவது ஒன்றரை மடங்கு. அதற்கு உயரம் ஒன்றரையின் வர்க்கமாக, 2.25 மடங்காக, ஏற வேண்டும்: 7 சென்டிமீட்டர் 15.75 ஆகும். என் பெட்டியின் விளிம்போ 15. இரண்டு மடைகளை அடைத்தால் மூன்று மடங்கு வேகத்துக்கு ஒன்பது மடங்கு உயரம், 63 சென்டிமீட்டர். ஒரு வயலின் காலத்தை விரைவுபடுத்தும் ஆசை ஒரு மடங்கு கூடும்போது, ஏரிக்கரை தாங்க வேண்டிய பாரம் அதன் வர்க்கமாகக் கூடுகிறது. ஏழ்மடையில் கரை உடைவது மந்திரத்தாலோ சாபத்தாலோ நிகழத் தேவையில்லை என்று அப்போதுதான் புரிந்தது. பேராசை கொண்ட ஒரு சிற்றரசன் இரண்டு மடைகளை மூடச் சொன்னால் போதும்.

பெட்டி வழியாமல் இருக்க, 8 சென்டிமீட்டர் உயரத்தில் ஒரு பக்கத்தை வெட்டி, மிஞ்சும் நீர் வெளியேறக் கலிங்கு அமைத்தேன். அதன் பிறகு நடந்ததை நான் எதிர்பார்க்கவேயில்லை. ஒரு மடையை அடைத்தபோது மற்ற இரண்டு வயல்களின் ‘டொக்’ ஓசையில் மாற்றமே தெரியவில்லை. மிஞ்சிய நீர் முழுவதும் கலிங்கு வழியாக வாளிக்குப் போய்விட்டது. அப்படியானால் ஓரிடத்தில் காலத்தைக் குறைத்தால் இன்னோரிடத்தில் அது கூடியே தீரும் என்று நான் எழுதி வைத்திருந்த ‘காலக் காப்பு விதி’, கலிங்கு இல்லாத ஏரிக்கு மட்டுமே பொருந்தும். கலிங்கு உள்ள ஏரியில் குறைத்த காலம் யாருக்கும் பயன்படாமல் கடலுக்குப் போகும். அண்டை வயலுக்குத் தீங்கில்லை, ஆனால் பெருநட்டம். கலிங்கைத் திறப்பதா, செங்கல் வைத்து அடைப்பதா என்பதே ஏழ்மடையின் அரசியல் என்று கதையை மறுபடி அமைத்தேன். முன்பு எழுதிய நான்கு அத்தியாயங்களைக் கைவிட வேண்டியதாயிற்று. அதில் எனக்கு வருத்தம் இல்லை.

ஒரு நாள் மாலை, பாதி மூடிய மடையின் கவிழ்கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டே அக்கா மகள் கேட்டாள்: “மாமா, இந்த வயல்ல இருக்கறவங்களுக்கு நேரம் மெதுவா போறது தெரியுமா?”

தெரியாது என்றேன். இதயத் துடிப்பும் மூச்சும் நினைப்பும் கிண்ணமும் ஒன்றாகவே மெதுவாகும்போது, உள்ளிருப்பவரிடம் ஒப்பிட எதுவும் இல்லை. “அப்போ வெளியே எட்டிப் பார்த்தா?” என்றாள். அதற்கு உடனே விடை சொல்ல முடியாமல் இரண்டு நாள் எடுத்துக்கொண்டேன்.

நம் உண்மை உலகத்திலும் காலம் எல்லா இடத்திலும் ஒரே வீதத்தில் ஓடுவதில்லை; வேகத்தையும் உயரத்தையும் பொறுத்து அது மாறும். 1971இல் சீசியம் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றிக் கொண்டுபோனார்கள். தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டபோது, கிழக்கு நோக்கிச் சென்றவை 59 நானோநொடி பின்தங்கியிருந்தன, மேற்கு நோக்கிச் சென்றவை 273 நானோநொடி முந்தியிருந்தன. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள் நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோநொடி முந்தும். அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 11 கிலோமீட்டர் அளவுக்குத் தவறு சேரும். ஆனால் இங்கே யாரிடமிருந்தும் யாரும் காலத்தை எடுப்பதில்லை. செயற்கைக்கோளின் கடிகாரம் முந்துவதால் மஞ்சக்குப்பத்தில் எதுவும் குறைவதில்லை. ஏரியும் மடையும் என் கற்பனை மட்டுமே என்பதை அவளிடம் தெளிவாகச் சொன்னேன். எனினும் ஒரு செய்தி இரண்டு உலகங்களுக்கும் பொது: காலத்தின் வீதம் மாறும் எல்லையைக் கடக்கும்போது ஒளியின் அதிர்வெண், அதாவது நிறம், மாறும். 1960இல் ஹார்வர்டில் வெறும் 22.5 மீட்டர் உயர வேறுபாட்டில் காமாக் கதிரின் அதிர்வெண் மாறுவதை அளந்து காட்டினார்கள்.

அந்த ஒரு செய்தியை ஏழ்மடைக்குள் விட்டதும் அதுவரை நான் கட்டியதெல்லாம் அசைந்தது. வெளியுலகைவிட ஒன்றரை மடங்கு மெதுவாக ஓடும் வயலில் நின்று வெளியே பார்ப்பவருக்கு, 650 நானோமீட்டர் அலைநீளமுள்ள சிவப்பு விளக்கு 433 நானோமீட்டரில், நீலமாகத் தெரியும். இலைகள் நம் கண்ணுக்குப் புலப்படாத அகச்சிவப்பு ஒளியை மிகுதியாகத் திருப்பி அனுப்புபவை. அதில் 900 நானோமீட்டர் ஒளி அவருக்கு 600 ஆகிவிடும். எல்லைக்கு அப்பால் நிற்கும் வேப்பமரம் அனல் நிறத்தில் எரிவது போலிருக்கும். ஒளித்துகள்கள் ஒன்றரை மடங்கு நெருக்கமாக வந்து விழும். ஒவ்வொன்றின் ஆற்றலும் ஒன்றரை மடங்கு. வெயில் மொத்தத்தில் 2.25 மடங்காகும். பெட்டியை வழியவைத்த அதே எண். நோட்டில் இரண்டு பக்கங்களையும் அருகருகே வைத்து அவளுக்குக் காட்டினேன். கடலூரின் மே மாத வெயில் இரண்டேகால் மடங்கானால் அந்த வயலில் புல்லும் மிஞ்சாது.

விரைவுபடுத்திய வயலின் நிலை இதைவிட மோசம். 120 நாள் நெல்லை வெளியுலகின் 80 நாளில் அறுத்துவிடலாம் என்பதுதான் என் கதையின் தொடக்க ஆசையே. அந்த வயலுக்குக் கிடைப்பதோ 80 நாள் வெயில்; அதுவும் நிறம் தாழ்ந்து வருகிறது. 530 நானோமீட்டர் பச்சை ஒளி 795 ஆகி, பயிருக்குப் பயன்படாத அகச்சிவப்பாகிவிடும். நடுப்பகல் நேரத்திலும் அந்த வயல் மங்கிய அந்தியில் கிடக்கும். பயிர் நாளை எண்ணிக்கொண்டே வெளுத்துச் சாகும். ஆகவே காலமடை உழவருக்கு உதவாது. அது உதவக்கூடிய இடம் ஒன்றுதான்: வெளிச்சமே தேவைப்படாத நெற்குதிர். மண்ணால் பூசி மூடிய குதிருக்குள் காலத்தை மெல்ல ஓடவிட்டால் விதைநெல் பல ஆண்டுகள் முளைப்புத்திறன் கெடாமல் இருக்கும். வயல்களின் நாடாக நான் தொடங்கிய ஏழ்மடை குதிர்களின் நாடாக மாறியது இப்படித்தான்.

இந்த நாட்டில் கணக்கு யார் வைப்பது என்ற கேள்விக்குப் புதுச்சேரி விடை தந்தது. 1825இல், ஆங்கிலேயப் படையில் பணியாற்றிய ஜான் வாரன் என்ற அதிகாரி அங்கே ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரரைச் சந்தித்தார். அந்தப் பெரியவர் தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக இருந்த வாய்பாடுகளைக் கொண்டு, அந்த ஆண்டு நிகழ்ந்த சந்திர கிரகணத்தின் நேரத்தைக் கணித்துக் காட்டினார். அதற்கும் முன்பே, ஃபிரெஞ்சு வானியலர் லெ ஜான்தீய் 1765ஆம் ஆண்டின் ஒரு சந்திர கிரகணத்தைக் கொண்டு தமிழர் கணக்கைச் சோதித்து, கிரகணம் நீடித்த நேரத்தில் அது 41 நொடி மட்டுமே குறைவு என்றும், ஐரோப்பாவில் புகழ்பெற்ற மேயரின் அட்டவணை 68 நொடி மிகை என்றும் கண்டார். ஏழ்மடையில் ஒவ்வொரு மடைக்கும் அருகே ஒரு குழி உண்டு. எடுத்த ஒவ்வொரு நாழிகைக்கும் ஒரு சோழி அதில் விழும். என் கருவியிலும் மூன்று தயிர்க் கிண்ணங்களில் சோழி போட்டுத்தான் அவள் எண்ணினாள்.

லெ ஜான்தீயின் வாழ்க்கையையும் விட்டுவிட மனம் வரவில்லை. வெள்ளிக்கோள் சூரியனைக் கடப்பதைக் காண 1760இல் புறப்பட்டவர், 1761இல் அது நடந்தபோது நடுக்கடலில் இருந்தார். அடுத்ததற்காக எட்டு ஆண்டு காத்திருந்து, 1769 ஜூன் 4 காலை புதுச்சேரியில் கருவிகளோடு நின்றபோது மேகம் மூடிக்கொண்டது. பதினோரு ஆண்டு கழித்து ஊர் திரும்பினால், இறந்துவிட்டார் என்று கருதி உறவினர்கள் சொத்தைப் பிரிக்க முனைந்திருந்தார்கள், அறிவியல் கழகத்தில் அவர் இடமும் போயிருந்தது. மெதுவான குதிருக்குள் காவலுக்குப் போய்த் திரும்பும் ஒருவருக்கு நேரக்கூடியது இதுவே. அதனால் ஏழ்மடையில் ஒரு சட்டம் எழுதினேன்: குழியில் ஒருவர் பெயரில் ஒரு சோழி கிடந்தாலும் அவர் நிலத்தைப் பிரிக்கக் கூடாது.

கருவியில் மிச்சமிருந்தது 63 சென்டிமீட்டர் சோதனை. பெட்டியை எடுத்துவிட்டு, நான்கு அங்குல பிவிசி குழாயில் ஒரு மீட்டர் வெட்டி நிறுத்தி, அடியில் மூடி போட்டு, அதே மூன்று வால்வுகளைப் பொருத்தினேன். நீர் இன்னும் உயரத்துக்கு ஏற வேண்டியிருந்ததால் பம்பு தருவது குறைந்தது; மறுபடி 900க்குத் திருகிக்கொண்டுவந்தோம். முதலில் ஒரு மடையை மட்டும் அடைத்தோம்: மட்டம் பதினைந்தரையில் நின்றது. கவிழ்கிண்ணங்கள் நிமிடத்துக்கு 18க்குப் பதில் 17 முறைதான் கவிழ்ந்தன. கவிழ்ந்து திரும்பும் நொடியில் விழும் நீர் கணக்கில் சேராமல் போகிறது. இதே வகைக் கிண்ணத்தால் அளக்கும் மழைமானிகளிலும் பெருமழையில் இந்தக் குறை உண்டு.

பிறகு இரண்டு மடைகளையும் அடைத்துவிட்டு முக்கால் மணி நேரம் காத்திருந்தோம். நீர் 58 சென்டிமீட்டரில் நின்றுவிட்டது. குழாயைச் சுற்றிலும் துடைத்துப் பார்த்தோம், எங்கும் ஈரமில்லை. கடைசியில் அவள்தான் கண்டுபிடித்தாள்: முழுதும் திருகி மூடிய இரண்டாவது வால்வின் முனையில் நீர் விட்டுவிட்டு ஒழுகிக்கொண்டிருந்தது. அளவுக் குவளையைக் கீழே பிடித்தோம். ஒரு நிமிடத்தில் 37 மில்லிலிட்டர். 58க்கும் 63க்கும் இடையிலான குறைவுக்குக் கணக்கு சொல்லும் அளவும் ஏறக்குறைய அதுவே. புது வால்வு வாங்கப் பணத்தை எடுத்துக்கொண்டு கிளம்பியவன், அடுத்த முறை கிண்ணம் நிரம்பிக் கவிழும் ஓசையைக் கேட்டு நின்றேன். மடையை முழுதும் அடைத்துக் காலத்தை நிறுத்தினால் வெளியிலிருந்து வரும் வெப்பம் எல்லையில்லாமல் ஏறும், குதிர் பற்றி எரியும் என்ற சிக்கலை வாரக்கணக்கில் தீர்க்க முடியாமல் வைத்திருந்தேன். அந்த வால்வை மாற்றவில்லை. அது நாற்பது நொடிக்கு ஒருமுறை ‘டொக்’ என்கிறது.